சொன்னவரை எந்த ரூமில் உட்கார வைப்பது

எங்கள் பக்கத்து ஆம்பிளைகள் அடுப்பு ஊதுவதில்லை. ஊதியதாக ஒரு ஆம்பிளை தன் வாயால் சொல்லி நான் கேட்டது அந்த ஒரு காலையில்தான்.

கம்பெனி வேன் வந்து நின்று ஆட்கள் இறங்கிக்கொண்டிருந்தார்கள். எங்கள் பட்டாசுக் கம்பெனி வாசலில் ஒரு சிமெண்டுத் தொட்டி உண்டு. செருப்பை அங்கேயே கழற்றிப் போட்டு, காலில் ஒட்டிய மண் போகக் கழுவிய பிறகுதான் யாரும் உள்ளே போகலாம். மருந்து இருக்கிற இடத்தில் ஒரு பொடிக்கல் உரசினாலும் போதும் என்பதால் அப்படி ஒரு ஒழுங்கு. மருந்து கலக்குகிற அண்ணாச்சி ஒருவர் குனிந்து காலைக் கழுவிவிட்டு நிமிர்ந்தார். இடது புருவத்தைக் காணோம்.

"என்ன அண்ணாச்சி, புருவம்?" என்றேன்.

"வீட்ல அடுப்பு ஊதினேன் தம்பி. குப்புன்னு வந்திருச்சு."

பக்கத்தில் கால் கழுவிக்கொண்டிருந்த லேபிள் ரூம் மதினி நிமிர்ந்து பார்த்தாள். லேபிள் ஒட்டுகிற பெண்களுக்கெல்லாம் அவள்தான் தலைவி. கம்பெனியில் எல்லாரும் அவளை மதினி என்றுதான் கூப்பிடுவார்கள். அவளும் அந்த முறையை விடாமல் ஆம்பிளைகளையெல்லாம் கொழுந்தனாராக்கிக் கேலி செய்வாள்.

"எந்தூரு அடுப்பு கொழுந்தனாரே அது? போன மாசம் உங்க கூட்டாளி கையைச் சுட்டுச்சே, அதே அடுப்பா?"

"அதே தெருதானே மதினி. வேற அடுப்பாத்தான் இருக்கும்."

"உங்க தெருப் பொம்பளைக எல்லாம் காலாட்டிக்கிட்டு உக்காந்திருக்காக போல. ஆம்பிளைகதான் அடுப்பு ஊதி ஊதிச் சாகுறீக!"

தொட்டியைச் சுற்றி ஒரே சிரிப்பு. நானும் சிரித்தேன். பாதிச் சிரிப்பில் எனக்கு நின்றுபோனது. சிரித்த அத்தனை பேருக்கும் அது எந்த அடுப்பு என்று தெரியும். போர்மேனுக்கும் தெரியும், அவர் மட்டும் சிரிக்காமல் மழை வருமா என்று வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். தெரியாதவர் ஒரே ஒருவர்தான், ஆபீஸ் ரூமில் உட்கார்ந்து பம்பாய் வியாபாரியிடம் "நம்ம கம்பெனியில இன்னைவரைக்கும் ஒரு பொறி விழுந்ததில்லை சேட்" என்று சொல்லிக்கொண்டிருந்த கம்பெனி முதலாளி, என் அத்தான். அவர் பொய் சொல்லவில்லை. அவருக்கு அப்படித்தான் தெரியும்.

அந்த நிமிஷத்தில்தான் எனக்கு அது பிடிபட்டது. இந்தக் கம்பெனியில் தண்ணீர் வாளி இருக்கிறது, மணல் வாளி இருக்கிறது, காலைக் கழுவத் தொட்டி இருக்கிறது. நடந்ததை நடந்தபடி சொல்வதற்கு மட்டும் ஒரு இடம் இல்லை. அதை நான் உண்டாக்கப் போகிறேன் என்று முடிவு செய்துவிட்டேன். கல்லூரியில் கெமிஸ்ட்ரி படித்துவிட்டு, விருதுநகரில் அப்பாவுடைய வத்தல் மண்டியில் உட்காரப் பிடிக்காமல், அக்காவைக் கட்டிக்கொடுத்த சிவகாசிக்கு ஓடிவந்து, மச்சினன் என்கிற உரிமையில் கம்பெனிக்குள் சுற்றிக்கொண்டிருந்தவனுக்கு வேறு என்ன தோன்றும்!

புருவத்தைக் காணாத அண்ணாச்சிக்கு அன்று மத்தியானத்துக்குள் புருவத்தார் என்று பெயர் வைத்துவிட்டார்கள். நானும் அப்படியே சொல்கிறேன்.

ஏன் யாரும் சொல்வதில்லை என்று கண்டுபிடிக்க ரொம்ப நாள் ஆகவில்லை. எங்கள் போர்மேனுக்குக் கைராசியில் அப்படி ஒரு நம்பிக்கை. மருந்து ரூமில் யார் கையிலாவது சின்னதாகப் பற்றிவிட்டால், அதை அவர் பற்றியது என்றுகூடச் சொல்ல மாட்டார், பூத்துவிட்டது என்பார். பூத்த கை ராசி போன கை. அந்தக் கைக்காரரை மறுநாளே மருந்து ரூமிலிருந்து எடுத்து லேபிள் ரூமில், பெண்களின் நடுவே, பசை வாளியோடு உட்கார வைத்துவிடுவார். திட்ட மாட்டார், தண்டனை என்று சொல்ல மாட்டார். "அங்கன இரு, அதான் உனக்கு நல்லது" என்பார். மருந்து கலக்குகிறவருக்கு ஊரில் ஒரு தனி மரியாதை. விஸ்வநத்தத்துப் பக்கம் டீக்கடையில் அவருக்கு இடம் விட்டு எழுந்திருப்பார்கள். பசை வாளிக்கு யார் எழுந்திருப்பார்கள்? அதனால் எல்லாருக்கும் வீட்டு அடுப்பு சுட்டுக்கொண்டே இருந்தது. வாய்விட்டுச் சொல்லாதவரை போர்மேனும் தெரியாதவர் மாதிரியே இருந்துவிடுவார்.

போர்மேனைக் கெட்டவராக நினைத்துவிடக் கூடாது. கம்பெனி ஆரம்பித்த நாளிலிருந்து இருப்பவர். பாதி ஆட்களை அவர்தான் பார்த்துக் கூட்டிவந்தார். ஒவ்வொருத்தர் வீட்டுக் கல்யாணத்திலும் பந்தியில் நின்று பரிமாறுவார். எனக்குச் சாப்பாட்டு நேரத்தில் தன் தூக்குவாளியிலிருந்து ஒரு துண்டு கருவாடு எடுத்து வைக்காமல் அவருக்குச் சோறு இறங்காது. இப்படிப்பட்டவரிடம் போய் ராசியாவது ஒன்றாவது என்று கெமிஸ்ட்ரி பேசிப் பார்த்தேன். பொறுமையாக முழுவதையும் கேட்டுக்கொண்டார். கடைசியில், "படிச்ச பிள்ளை நல்லாப் பேசுறீக தம்பி. இன்னும் கொஞ்சம் கருவாடு வைக்கட்டா?" என்றார்.

சரி, இது நேரே போனால் நடக்காது என்று ஒரு பெட்டி செய்தேன். பட்டணத்தில் ஏதோ ஆலையில் இப்படிப் பெட்டி வைத்திருக்கிறார்கள், தொழிலாளிகள் பெயர் போடாமல் எழுதிப் போடலாம் என்று பத்திரிகையில் படித்திருந்தேன். தச்சரிடம் சொல்லி, மேலே ஒரு நீளத் துவாரம் விட்டு, பூட்டுப் போட்டு, பளிச்சென்று தெரியட்டும் என்று செக்கச் செவேலென்று பெயிண்ட் அடித்து, தொட்டிக்குப் பக்கத்தில் வேப்பமரத்தடியில் நிறுத்தினேன். அத்தான் வந்து பார்த்தார்.

"என்ன மாப்ள இது?"

"யாருக்கு என்ன சொல்லணுமோ எழுதிப் போடலாம் அத்தான். பேரு வேண்டாம்."

"சீசன் நேரத்துல உனக்கு வேற வேலையே இல்லையா? சரி, வச்சிக்க. லோடு ஏத்துற வழியில நிக்காம வை."

ஆட்களைக் கூட்டி ஒரு சின்னப் பிரசங்கமும் செய்தேன். மனசில் இருக்கிறதை இதில் போடுங்கள், நம் எல்லாருடைய உயிருக்கும் இது காவல் என்றெல்லாம் பேசினேன். எல்லாரும் பயபக்தியோடு கேட்டார்கள். அந்தப் பயபக்தியிலேயே நான் சுதாரித்திருக்க வேண்டும். மறுநாள் பெட்டி முன்னால் யாரோ ஒரு முழம் பூ வைத்திருந்தார்கள். அதற்கு மறுநாள் பெட்டிக்குக் குங்குமம் வைத்திருந்தது. நானோ உற்சாகத்தில், பரவாயில்லை, பெட்டியை மதிக்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டேன்.

வாரக் கடைசியில் போர்மேன், மதினி, அத்தான் எல்லாரையும் சாட்சிக்கு வைத்துக்கொண்டு பூட்டைத் திறந்தேன். ஒரு துண்டுக் காகிதம் இல்லை. அத்தனையும் காசு. பழைய அணாக்களும் புதிய நயா பைசாவும் கலந்து, சிலது மஞ்சள் துணியில் முடிந்து. ஒரு சின்ன வெள்ளிக் கண்மலரும் இருந்தது.

அத்தான் சுவரில் சாய்ந்துகொண்டு சிரித்தார். அவர் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை. "மாப்ள, பட்டாசு யாவாரத்தை விட்டுட்டு இதையே பார்ப்பமா?"

"நீங்கதானே தம்பி சொன்னீக?" என்றாள் மதினி. "உசுருக்குக் காவல், மனசுல உள்ளதைப் போடுங்கன்னு. சிவப்பு வேற அடிச்சிருக்கீக, மரத்தடியில வேற வச்சிருக்கீக. இருக்கன்குடி ஆத்தாளுக்குத்தான் உண்டியல் வச்சிருக்கீகன்னு நாங்க நெனைச்சோம். கண்மலர் நான் போட்டது."

ஆத்தாளுக்கு என்று போட்டதைத் திருப்பிக் கொடுக்கவும் முடியாது, வைத்துக்கொள்ளவும் முடியாது. "நீங்களே கொண்டுபோய்ச் சேத்திருங்க" என்று போர்மேன் சொல்லிவிட்டார். துணைக்கு வருகிறேன் என்று தானாக முன்வந்தவர் புருவத்தார்.

கம்பெனி லீவு நாளில் இரண்டு பேரும் பஸ் ஏறி, சாத்தூரில் இறங்கி, வழிக்குச் சேவுப் பொட்டலம் ஒன்று வாங்கிக்கொண்டு, இருக்கன்குடி போய்ச் சேர்ந்தோம். கூட்டமான கூட்டம். ஆற்று மணல் முழுக்க அடுப்புக் கல் வைத்துப் பொங்கிக்கொண்டிருந்தார்கள். கோயில் உண்டியலில் முடிப்பு முடிப்பாகப் போட்டு முடித்தபோது எனக்குத் தோள் லேசானது. புருவத்தாருக்கு மட்டும் முகம் லேசாகவில்லை. மணலில் உட்கார்ந்து சேவுப் பொட்டலத்தைப் பிரித்தோம்.

"தம்பி, அந்தப் பெட்டியில தெனமும் காசு போட்டது நான்தான்" என்றார்.

"அது உண்டியல்னு நீங்களும் நெனைச்சீகளா?"

"உண்டியலோ, பெட்டியோ. போட்டேன். அந்தச் சல்லடை வேற எவன் கையிலயும் போயிரக்கூடாதுன்னு வேண்டிக்கிட்டுப் போட்டேன்."

அப்புறம் ஒவ்வொன்றாக வந்தது. மருந்தைச் சலிக்கிற சல்லடை ஒன்றின் மரச்சட்டம் இளகிப்போய், டவுனுக்குக் கொடுத்து அடித்து வாங்கி வந்திருந்தார்கள். மருந்து ரூமுக்குள் இரும்பு வரக் கூடாது. சட்டத்துக்குச் செம்பாணிதான் அடிப்பார்கள். அடித்துக் கொடுத்தவர் அவசரத்தில் இரும்பாணியை அடித்து மேலே வர்ணத்தையும் பூசிவிட்டார். புருவத்தார் அதைத் தட்டிச் சலித்தபோது கிரீச் என்று ஒரு சத்தம், ஒரு பொறி, குப்பென்று பற்றிக்கொண்டது. சல்லடையில் அப்போது மருந்து ஏறக்குறைய தீர்ந்திருந்ததால் புருவத்தோடு போயிற்று. ஒரு வாளித் தண்ணீரைக் கொட்டித் துடைத்துவிட்டு, சல்லடையை இருந்த இடத்தில் மாட்டிவிட்டு வந்துவிட்டார்.

"அதே சல்லடை இன்னும் அங்கேயேவா இருக்கு?"

"இருக்கு. தெனமும் வேன்ல இருந்து முத ஆளா நான்தான் இறங்கி ஓடுறேன், பாத்திருக்கீகளா? அதை எடுத்து என் பக்கத்துல வச்சிக்கிருவேன். தட்டாமச் சலிப்பேன். வேற எவனும் எடுத்துத் தட்டிட்டான்னா?"

நான் பார்த்திருந்தேன். தொழிலில் அவருக்கு அவ்வளவு ஆசை என்று நினைத்து, அத்தானிடம் அவரைப் பற்றிப் பெருமையாகக்கூடச் சொல்லியிருந்தேன்.

"தூக்கிக் கெணத்துல போட வேண்டியதுதானே அண்ணாச்சி?"

"சல்லடை எங்கலேன்னு போர்மேன் கேப்பாரு. என்னத்தைச் சொல்ல? எனக்குப் பொய் சொல்ல வராது தம்பி."

"அடுப்பு ஊதினேன்னு சொன்னீகளே!"

"அதை எவன் நம்புனான்?"

இரண்டு பேரும் சிரித்துவிட்டோம். சிரித்து முடித்ததும் அவர் அண்ணனைப் பற்றிச் சொன்னார். அண்ணனும் மருந்துக்காரர்தான். கையில் பூத்ததை நேரே போய்ச் சொன்னவர். ஒரு சீசன் லேபிள் ரூமில் உட்கார்ந்தார், அதற்கப்புறம் ஊரில் தலைகாட்டப் பிடிக்காமல் கம்பம் பக்கம் தோட்ட வேலைக்குப் போய்விட்டார். பொங்கலுக்குக்கூட வருவதில்லை. "சொன்னதுக்குக் கிடைச்சது அதான் தம்பி. நானும் போயிட்டா எங்க அம்மாவுக்கு யாரு?"

எனக்கு மணலில் உட்கார முடியவில்லை. எழுந்து நின்றுவிட்டேன். "நாளைக்குத் தொட்டிக்கிட்ட எல்லார் முன்னாலயும் சொல்லுங்க அண்ணாச்சி. உங்க எடம் உங்களுக்குத்தான். அதுக்கு நான் பொறுப்பு."

"நீங்க என்ன முதலாளியா?"

"முதலாளி மச்சினன்."

"அது வெயிட்டான போஸ்ட்டா, லேசான போஸ்ட்டா?"

"வீட்ல எங்க அக்கா இருக்கிற வரைக்கும் வெயிட்டுதான்."

 அவர் மிச்சச் சேவை மடித்து மடியில் வைத்துக்கொண்டு, "சரி, ஆத்தா மேல பாரத்தைப் போட்டுச் சொல்றேன். உங்க மேலயும் கொஞ்சம் போட்டுக்கிறேன்" என்றார்.

மறுநாள் வேனிலிருந்து முதல் ஆளாக இறங்கியவர், கால் கழுவி, உள்ளே ஓடி, சல்லடையோடு திரும்பி வந்தார். தொட்டியைச் சுற்றி எல்லாரும் இருந்தார்கள். "அண்ணாச்சி" என்று போர்மேனைக் கூப்பிட்டு, நடந்ததை நடந்தபடி சொன்னார். அடுப்பைப் பற்றியும் சொன்னார். ஒருத்தரும் சிரிக்கவில்லை.

போர்மேன் சல்லடையை வாங்கினார். நகத்தால் வர்ணத்தைச் சுரண்டினார். இரும்பு தெரிந்தது. ஒவ்வொரு ஆணியாகச் சுரண்டிப் பார்த்தார். அதைக் கொண்டுபோய் வேலிக்கு அந்தப் பக்கம் எறிந்துவிட்டு வந்தார். எனக்கு உள்ளுக்குள் ஒரே சந்தோஷம். முடிந்தது, ஜெயித்தோம் என்று நினைத்தேன்.

"ஏலே, நீ இன்னைக்கு லேபிள் ரூமுக்குப் போ" என்றார் போர்மேன். குரலில் கோபமே இல்லை.

"அண்ணாச்சி, தப்பு சல்லடையிலதானே?" என்று நான் குறுக்கே போனேன்.

"சல்லடையை மாத்தியாச்சு தம்பி. கையை மாத்த முடியுமா? இவன் ஆத்தா எங்கிட்டதான் இவனை ஒப்படைச்சா. அவளுக்கு நான்தான் பதில் சொல்லணும்."

அந்த நேரத்தில் அத்தானுடைய கார் வந்தது. நான் ஓடிப்போய் கார்க் கதவைப் பிடித்துக்கொண்டே எல்லாவற்றையும் கொட்டினேன். வாக்குக் கொடுத்துவிட்டேன் என்றேன்.

"யாரைக் கேட்டுக் கொடுத்தே?"

"யாரையும் கேக்கலை."

அத்தான் என்னைப் பார்த்தார், போர்மேனைப் பார்த்தார். சீசன் உச்சியில் இருந்தது. போர்மேன் மனசு கோணி ஒரு நாள் வீட்டில் உட்கார்ந்துவிட்டால் பம்பாய் லோடு என்னாகும் என்று அவர் நினைத்தது எனக்கு அப்படியே தெரிந்தது. "மருந்து ரூம் அவர் பொறுப்பு மாப்ள. அவர் சொல்றபடிதான்" என்றார்.

புருவத்தார் என் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு லேபிள் ரூமைப் பார்த்து நடந்தார். அத்தனை பேரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இனி இந்தக் கம்பெனியில் ஒருத்தர் வாயிலிருந்தும் ஒன்றும் வராது, எல்லா அடுப்பும் மறுபடியும் எரிய ஆரம்பித்துவிடும் என்று எனக்குத் தெரிந்துவிட்டது. அதைவிட, அவர் முகத்தில் நான் எப்படி முழிப்பது?

லேபிள் ரூம் வாசலில் மதினி நின்றாள். கையை நிலையில் ஊன்றிக்கொண்டு வழியை மறித்துவிட்டாள்.

"எங்க வாறீக கொழுந்தனாரே?"

"போர்மேன் அனுப்பினாரு மதினி."

"இங்கன எடம் இல்லை. ராசியில்லாத கைக்குத்தான் இந்த ரூமு." அப்புறம் எங்கள் எல்லாருக்கும் கேட்கிற மாதிரி குரலை உயர்த்தினாள். "போர்மேன் அண்ணாச்சி! எனக்குத் தெரியாமத்தான் கேக்கேன். இரும்பாணி அடிச்ச சல்லடை. அதைத் தட்டியும் ஆத்தா இந்த மனுசனை ஒத்தப் புருவத்தோட விட்டிருக்கா. அதுக்கப்புறம் அம்புட்டு நாளும் அதே சல்லடையில சலிச்சும் மிச்சப் புருவத்துல ஒரு முடிகூடக் கருகலை. இதைவிட ராசியான கை உங்களுக்கு எங்கன கிடைக்கும்? இந்தக் கையை எங்ககிட்ட அனுப்பிட்டு, எந்தக் கையை அங்கன வைக்கப் போறீக?"

உள்ளே இருந்து ஒரு பெண், "வேணும்னா அந்தக் கையை எங்க ரூமுக்குக் கும்பிட அனுப்புங்க அண்ணாச்சி, பசை தொட விடமாட்டோம்!" என்றாள். சிரிப்பு கிளம்பியது. முதலில் பெண்கள் பக்கம், அப்புறம் ஆம்பிளைகள் பக்கம். அத்தான் கைக்குட்டையால் வாயை மூடிக்கொண்டார்.

போர்மேன் சிரிக்கவில்லை. ஆனால் யோசித்தார். நான் பேசிய கெமிஸ்ட்ரி எல்லாம் கருவாட்டுக்குள் போய்ச் சேர்ந்த இடத்தில், இது எங்கேயோ போய்த் தைத்துவிட்டது என்று அவர் முகத்தில் தெரிந்தது. ராசியை இல்லையென்று யாரும் சொல்லவில்லை. அது யார் பக்கம் இருக்கிறது என்றுதான் மதினி கேட்டாள். அந்தக் கணக்கு அவருக்குப் புரிந்த கணக்கு.

"உன் வாய்க்குத் தாப்பாள் போட ஆளில்லை" என்று முணுமுணுத்தார். பிறகு புருவத்தாரிடம் போய் அவர் இரண்டு கையையும் பிடித்து, உள்ளங்கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். ஒரு டாக்டர்கூட அப்படிப் பார்த்திருக்க மாட்டார். "வா லே. ஆனா இன்னைக்கு உன் பக்கத்துல நான்தான் நிப்பேன். பூத்தா ரெண்டு பேருக்கும் பூக்கட்டும்."

அன்று முழுக்க இரண்டு பேரும் ஒரே ரூமில் புதுச் சல்லடையில் சலித்தார்கள். நான் வேப்பமரத்தடியை விட்டு நகரவில்லை. சாயங்காலம் உடம்பெல்லாம் வெள்ளியாக மின்னுகிற அலுமினியப் பொடியோடு அவர்கள் வெளியே வந்தபோது போர்மேன் என்னைப் பார்த்து, "தம்பி, மத்தியானம் சாப்பிட்டீகளா?" என்றுதான் கேட்டார். நான் சாப்பிடவில்லை என்று அப்போதுதான் ஞாபகம் வந்தது.

மறுநாளிலிருந்து ஒரு பழக்கம் வந்தது. நான் கொண்டுவந்தது என்று சொல்லிக்கொள்ள ஆசைதான், ஆனால் கொண்டுவந்தவர் போர்மேன். காலையில் தொட்டியடியில் எல்லாரும் கால் கழுவி முடித்ததும் கேட்பார்: "நேத்து யாரு கையில என்ன ஆச்சு? சொல்லிட்டு உள்ள போங்க." சொன்னவருக்கு அன்று மருந்து ரூமில் முதல் வாளி மருந்தைச் சலிக்கிற மரியாதை. அவர் கணக்குப்படி, சொல்லித் தப்பித்த கை ராசியான கை.

முதல் சில நாட்கள் ஒரே கூத்து. தூக்குவாளி மாறிப்போனது, வேனில் காலை மிதித்தது, மாமியார் ஏசியது எல்லாம் வந்தது. அப்புறம் அடுத்தவன் கதை வர ஆரம்பித்தது: அவன் பீடியை மடியில் வைத்திருக்கிறான், இவன் தண்ணீர் வாளியில் கை கழுவுகிறான். போர்மேன் அதை ஒரே நாளில் நிறுத்தினார். "அவனவன் கையில நடந்ததை மட்டும் சொல்லுங்க. அடுத்தவன் கையைப் பத்திப் பேசுறவன் வாயைக் கழுவிட்டு வா." எனக்கு அந்த விதியை யோசித்திருக்கவே தெரிந்திருக்காது. அது இல்லாவிட்டால் இரண்டே வாரத்தில் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்திருக்க மாட்டார்கள்.

மெல்ல மெல்ல நிஜமானது வந்தது. திரி காயப்போட்ட இடம் மத்தியானத்துக்கு மேல் வெயிலில் கொதிக்கிறது என்று ஒருத்தர். தன் மடியிலிருந்தே தீப்பெட்டியை எடுத்து, மறந்து உள்ளே கொண்டுபோய்விட்டேன் அண்ணாச்சி என்று தொட்டியில் நனைத்த ஒருத்தர். சொல்லிவிட்டு வேர்த்துப்போய் நிற்பார்கள்.  இந்த மனிதர்கள் எவ்வளவு நாளாக இதையெல்லாம் தனித்தனியாகச் சுமந்துகொண்டு வேனில் ஏறி இறங்கியிருக்கிறார்கள்! கம்பத்துக்குப் போன அண்ணனுக்குப் புருவத்தார் கடுதாசி போட்டிருக்கிறார். வருவாரா, தெரியாது.

இதை எழுத உட்கார்ந்ததற்குக் காரணம் நேற்று நடந்தது. புதிய சீசன் தொடங்கிவிட்டது, ஆர்டர் போன வருஷத்தைவிடக் கூட. எந்த ரூமில் யார் உட்கார வேண்டும் என்று ஆள் போடுகிற வேலையை இந்த வருஷம் அத்தான் என்னிடம் கொடுத்திருக்கிறார். நேற்று சாயங்காலம் கூப்பிட்டு, "திங்கக்கிழமையில இருந்து ரூமுக்கு ரெண்டு ஆள் கூடப் போட்டிரு மாப்ள. தீபாவளி முடிஞ்சதும் கொறைச்சுக்கிருவோம்" என்றார். சாதாரணமாகச் சொன்னார். இந்தப் பக்கத்தில் சீசனில் எல்லாரும் செய்வதுதான். ஒரு ரூமில் எத்தனை பேர் இருந்தால் ஓடி வெளியே வர முடியும் என்று சட்டமே சொல்லியிருக்கிறது. இரண்டு பேர் கூடினால் வாசலில் இடித்துக்கொண்டு நிற்பார்கள். இது அவருக்கும் தெரியும்.

நான் சரியென்றும் சொல்லவில்லை, மாட்டேன் என்றும் சொல்லவில்லை. தலையைச் சொறிந்துகொண்டு வெளியே வந்தேன். வேன் ஏறப் போன புருவத்தார் என் முகத்தைப் பார்த்துவிட்டு நின்றார். என்னவென்று கேட்டார், சொன்னேன்.

"இது யாரு கையில இருக்கு தம்பி?"

"என் கையிலதான்."

"அப்ப நீங்கதானே சொல்லணும்? சொன்னா ஒண்ணும் ஆகாதுன்னு எனக்கு இருக்கன்குடியில வச்சுச் சொன்னீகளே, அது முதலாளி மச்சினனுக்கும் சேத்துத்தானே?" கேலியாகத்தான் கேட்டார். கண்ணில் கேலி இல்லை.

வீட்டுக்கு வந்து அக்காவிடம் சொன்னேன். "உங்க அத்தான் ரெண்டு நாள் மூஞ்சியைத் தூக்கி வச்சிக்கிருவாக. மூணாம் நாள் பசிக்கும். சொல்லு" என்றாள்.

ஆபீஸ் ரூமில் கதவைச் சாத்திக்கொண்டு சொல்வது சுலபம். அத்தான் என் மேல் பிரியமுள்ளவர், கேட்டாலும் கேட்பார். ஆனால் அப்படிச் சொன்னால் அது குடும்பத்துக்குள் நடந்த பேச்சாகப் போய்விடும். நாளைக்கு ஒரு லேபிள் ரூம் பெண்ணுக்கு இதே மாதிரி ஒன்று சொல்ல வேண்டியிருந்தால் அவளுக்கு ஆபீஸ் ரூமும் கிடையாது, அக்காவும் கிடையாது. அதனால் திங்கட்கிழமை காலையில், வேன் வந்ததும், எல்லாரோடும் சேர்ந்து செருப்பைக் கழற்றிவிட்டுக் கால் கழுவப் போகிறேன். அத்தானை அந்த நேரத்துக்கு வரச் சொல்லியாகிவிட்டது, எதற்கென்று சொல்லவில்லை. போர்மேன் வழக்கம்போலக் கேட்பார். "ரூமுக்கு ரெண்டு ஆள் கூடப் போடுன்னு எங்கிட்ட சொல்லியிருக்கு, நான் போடப் போறதில்லை அத்தான்" என்பதுவரை வாக்கியம் தயார். கிழக்கு வேலியோரம் சும்மா கிடக்கிற நிலத்தில் புதிதாக ரூம் கட்ட ஒரு படமும் போட்டு வைத்திருக்கிறேன். படத்தை எப்போது எடுத்து நீட்டுவது என்பது அத்தான் முகத்தைப் பார்த்த பிறகுதான் தெரியும்.